காட்டேரிப் பிரபு அனுமதி கேட்டார்

லாஸ் ஏஞ்சல்ஸ்,
17 மார்ச் 1931

அன்புக்கும் அச்சத்துக்கும் உரிய எதெல்வினா அக்காவுக்கு, தம்பி எலியோதோரோ தொப்பியைக் கழற்றி வைத்துவிட்டு எழுதிக்கொள்வது. தேவதாயின் தயவில் நானும் என் மகள், உன் மருமகள் அம்பாரோவும் இங்கே சுகம். நம் ஊர் எர்மொசீயோவில் உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது என்று கேட்க ஆசை. ஆனால் போன கடிதத்தில் இனி உன்னை எதுவும் கேட்கக் கூடாது என்று எழுதியிருந்தாய். ஆகவே கேட்கவில்லை.

நம் பெண் சினிமாவில் ஒரு ரத்தக்காட்டேரிக்குக் கழுத்தை நீட்டினாள் என்று இங்கே பக்கத்து வீட்டுத் தொமாசா உனக்கு எழுதியிருக்கிறாள். நீட்டியது உண்மை. நீ நினைக்கிற மாதிரி நீட்டவில்லை. அதற்காக, பதினாலு வருஷம் வளர்த்த பெண்ணை இனி வாசல்படி மிதிக்கக் கூடாது என்று எழுதினாயே, அக்கா, அந்தக் கடிதத்தை அவள் தலையணை உறைக்குள் வைத்துக்கொண்டு தூங்குகிறாள். அதனால்தான் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

இங்கே ஒரு கோட்டையைப் பலகையிலும் சுண்ணாம்பிலும் கட்டியிருக்கிறார்கள். பகலில் அதில் இங்கிலீஷ்காரர்கள் படம் பிடிப்பார்கள். சாயங்காலம் அவர்கள் வீட்டுக்குப் போனதும் நம் ஆட்கள் உள்ளே போய் அதே கதையை நம் ஸ்பானிஷ் பாஷையில் விடியும்வரை பிடிப்பார்கள். அம்பாரோ அங்கே உடுப்பு தைக்கிறவள், அவ்வளவுதான். காட்டேரியின் மூன்றாவது மனைவியாக நடிக்க வேண்டிய கியூபாக்காரிக்குப் பொன்னுக்குவீங்கி வந்து கழுத்தும் கன்னமும் ஒன்றாகிவிட்டது, கடிக்க இடமில்லை. அவளுக்குத் தைத்த கவுன் அம்பாரோவுக்கு அப்படியே பொருந்த, அதைப் போட்டு அவளை நிறுத்திவிட்டார்கள். நான் சும்மா இருப்பேனா? நாற்பது வருஷம் சவரக்கத்தியோடு ஊரார் கழுத்துகளைப் பார்த்தவன். காவலுக்குப் போனேன். இருட்டில் பெஞ்சு என்று நினைத்து உட்கார்ந்தது சவப்பெட்டியாம், மூடி உடைந்து உள்ளே விழுந்தேன். கைகொடுத்துத் தூக்கியவர் யாரென்று பார்த்தால் வெள்ளைச் சுண்ணாம்பு முகத்தோடு காட்டேரிப் பிரபு.

தோன் லெயாந்த்ரோ என்று பெயர், மெரிதாக்காரர். வயிற்றுப் புண், அரிசிக் கஞ்சி தவிர ஒன்றும் சாப்பிடுவதில்லை. அது எனக்கு அப்போது தெரியாது. அவர் அம்பாரோ மேல் குனிந்ததும், "கைய எடுய்யா" என்று கத்திவிட்டேன். பேசும் படம் ஆயிற்றே, என் குரலும் அதில் பதிந்துபோயிற்று. டைரக்டர் அர்ஜென்டினாக்காரர், என்னை வெளியே தள்ளச் சொன்னார். பிரபுதான் தடுத்தார். அங்கியை மடித்துக் கையில் போட்டுக்கொண்டு என் முன்னால் வந்து நின்றார்.

"ஐயா, எனக்கும் ரெண்டு பொண்ணு இருக்கு. உங்க பொண்ணு கழுத்த நான் கடிக்கலாமா? பல்லு படாது."

எவ்வளவு நேரம் என்று கேட்டேன்.

"அஞ்சு எண்ணுற நேரம்."

"நாலு எண்ணுங்க" என்றேன். ஒப்புக்கொண்டார்.

அதோடு முடிந்ததா? கடிபட்டவள் அலற வேண்டும். அவளுக்கு அலறத் தெரியவில்லை. உன் வீட்டில் நாற்காலி நகர்த்தினால்கூடச் சத்தம் வரக் கூடாதே, அப்படி வளர்ந்தவள். ஐந்து தடவை எடுத்தார்கள், ஐந்து தடவையும் பூனைக்குட்டி மாதிரி ஒரு முனகல். டைரக்டர் தலையில் கைவைத்துக்கொண்டார். ஆறாவது தடவை பிரபு அங்கியால் அவளை மூடியபோது காதில் ஏதோ சொன்னது எனக்குத் தெரிந்தது. "யாரு பக்கத்துல இருந்தா உனக்குப் பயம் போகும்? அவங்களக் கூப்பிடும்மா" என்றாராம், பிறகு அவள் சொன்னாள்.

அவள் "அத்தே" என்று கத்தினாள்.

பலகைக் கோட்டை முழுக்க அதிர்ந்தது. விளக்குப் பிடித்தவன் விளக்கைத் தாழ்த்திவிட்டான். பெற்றவன் எட்டடி தள்ளி உட்கார்ந்திருக்கிறேன், என்னைக் கூப்பிடவில்லை. கடவுளையும் கூப்பிடவில்லை. எனக்குப் பொறாமையாக இருந்தது, மறைப்பானேன். அப்புறம் அவள் பிரபுவின் அங்கியிலேயே முகத்தைப் புதைத்து அழுதாள். அவர் நாலுக்கு மேல் எண்ணிக்கொண்டு நின்றார், நான் எண்ணுவதை விட்டுவிட்டேன். மூன்று வருஷமாக அவள் உன் பெயரை எடுத்தால் நான் பேச்சை மாற்றிக்கொண்டிருந்தேன், அக்கா. ஊரைவிட்டு அவளைக் கூட்டிவந்தது நான்தானே.

ஈஸ்டர் கழிந்ததும் படம் உங்கள் ஊர்க் கொட்டகைக்கு வருகிறது. போய்ப் பார். கடிக்கும்போது வேண்டுமானால் கண்ணை மூடிக்கொள், காதை மூடாதே. உன் கையை முத்தமிடுகிறேன். உன் முழங்காலுக்காக இங்கே தினம் ஒரு ஜெபமாலை சொல்கிறோம். அதற்கு நீ பதில் எழுத வேண்டியதில்லை.

கீழ்ப்படிதலுள்ள தம்பி,
எலியோதோரோ

பின்குறிப்பு: கொட்டகைக்குப் போகாதே. நேற்று எங்களுக்குப் படத்தைப் போட்டுக் காட்டினார்கள். அந்த அலறலை வெட்டிவிட்டு, பகலில் நடிக்கிற இங்கிலீஷ்காரி ஒருத்தியின் அலறலை ஒட்டியிருக்கிறார்கள். உன்னைக் கூப்பிட்டது அதில் இல்லை. அம்பாரோ இதைப் படித்துவிட்டு, "தபால்ல வேண்டாம்பா, நானே கொண்டு போறேன்" என்று சொல்லி சனிக்கிழமை ரயிலுக்குச் சீட்டு வாங்கிவிட்டாள். ஆகவே நீ இதைப் படிக்கும்போது அவள் உன் எதிரில்தான் நிற்கிறாள். முதலில் அவளைச் சாப்பிடச் சொல்.