மின்கோபுரமும் ‘தொடமுடியாது’ அண்ணாச்சியும்

தாமிரபரணிப் பாசனத்தில் நெல்லுக்கும் வாழைக்கும் அடுத்தபடியாகச் செழித்து வளரும் இனம் ஒன்று உண்டு. அதற்கு நான் வைத்திருக்கும் பெயர் ‘தொடமுடியாது’ அண்ணாச்சி. அடுத்தவர் வயலில் மின்கோபுரத்துக்குக் கல் ஊன்றியதும் இவர் முளைத்துவிடுவார்.

அம்பாசமுத்திரத்துக்குக் கிழக்கே, ஓட்டுநருக்கு மனமிருந்தால் மட்டும் பேருந்து நிற்கிற எங்கள் ஊரில், இந்த இனத்தின் தேர்ந்த மாதிரி மந்திரமூர்த்தி அண்ணாச்சி. சட்டம் படித்தவரா? இல்லை. மைத்துனரின் வழக்குக்காக நீதிமன்ற வேப்பமரத்தடியில் பல காலம் உட்கார்ந்திருந்தவர். வழக்கு தோற்றுப்போனது. அந்த விவரம் மட்டும் அவர் பேச்சில் வராது.

டீக்கடை பெஞ்சில் நடுவாக உட்கார்ந்து, டீயை ஆறவிட்டு, பட்டா சிட்டா அடங்கல் என்று அடுக்கி, உச்ச நீதிமன்றம் சொன்னதாக ஒன்றையும் உயர் நீதிமன்றம் சொல்லப்போவதாக ஒன்றையும் கலக்கி, எதிரே இருப்பவர் தலையாட்டும்வரை விடாமல், கடைசியில் பெஞ்சில் ஒரு தட்டுத் தட்டி அவர் வழங்கும் தீர்ப்பு எப்போதும் ஒன்றுதான்.

“தொட முடியாது வே.”

என்னோடு பாளையங்கோட்டையில் கல்லூரியில் படித்த எஸ்றா போன மழைக்காலத்தில் இறந்துபோனான். மனைவி பெர்சிஸுக்கு அவன் விட்டுப்போனது கொஞ்சம் வாழை, ஒரு கிணறு, கிணற்றைச் சுற்றி அவனே நட்டு நீரூற்றிய தென்னைகள். துக்கம் கேட்க வருகிறவர்கள் ஓயும்முன் அங்கே மின்வாரியத்தார் கோபுரத்துக்குக் கல் ஊன்றிவிட்டார்கள். கம்பி போகிற பாதையில் தென்னை நிற்கக் கூடாது. அவள் கலெக்டருக்கு ஆட்சேபணை எழுதலாம். பாதையை நகர்த்தக் கேட்கலாம். நகராவிட்டால் மரத்துக்கும் பயிருக்கும் இழப்பீடு கேட்கலாம். கேட்கத்தான் புறப்பட்டாள். பேருந்து நிறுத்தத்தில் அண்ணாச்சி இருந்தார்.

“எழுதிக் குடுத்துராத தங்கச்சி. ஆட்சேபணைன்னு எழுதுனாலே அவனுக்கு அதிகாரம் உண்டுன்னு நீயே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிரும், பாத்துக்க. பேசாம வரப்புல போயி நில்லு. தொட முடியாது.”

“நெசமாவா அண்ணாச்சி?”

“எஸ்றா எனக்குத் தம்பி மாதிரில்லா. அவன் வீட்டுக்குத் தப்பாச் சொல்லுவனா?”

செத்தவனைச் சாட்சிக்கு இழுப்பது இவர்களுக்குக் கைவந்த கலை. அவன் எழுந்து வந்து மறுக்கவா போகிறான்?

பெர்சிஸ் வீடு திரும்பினாள். ஆட்கள் வந்த அன்று வரப்பில் நின்றாள். கூடவே நிற்பதாகச் சொன்ன அண்ணாச்சிக்கு அன்று பார்த்துத் திருநெல்வேலியில் ஒரு கல்யாணம். போலீஸ்காரப் பெண்மணி ஒருவர் அவளைக் கையைப் பிடித்துப் பைய ஒதுக்கி உட்காரவைத்தார். சாயங்காலத்துக்குள் தென்னைகள் எல்லாம் கிடையாகக் கிடந்தன.

வேலையை மேற்பார்வையிட்ட அதிகாரி கெட்டவர் அல்ல. அவளிடம் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு வருத்தத்தோடுதான் சொன்னார்.

“மொதல்ல மேக்க இருக்க தோப்புலதாம்மா கல் ஊனியிருந்தோம். தோப்புக்காரரு கலெக்டராபீசுல எழுதிக் குடுத்தாரு. இடத்தப் பாத்துட்டு இங்கன நகத்தச் சொல்லிட்டாங்க. நீங்களும் ஒரு வார்த்தை எழுதியிருந்தா ரோட்டோரமாக் கொண்டு போயிருக்கலாம்.”

மேற்குத் தோப்பு மந்திரமூர்த்தி அண்ணாச்சியுடையது.

மறுநாள் பெர்சிஸ் டீக்கடைக்கே போனாள். சத்தம் போடவில்லை.

“ஒங்க தோப்பத் தொட முடியாதுன்னு சரியாத்தான் சொல்லியிருக்கிய அண்ணாச்சி.”

“அது சர்க்கார் எடுத்த முடிவு தங்கச்சி” என்றார் அவர். டீ ஆறிவிட்டதென்று கடைக்காரரைக் கடிந்துகொண்டார்.

நீங்கள் அந்த இனம் இல்லை என்கிறீர்கள். நல்லது. உங்களுக்குத் தோப்புக்கூட இல்லாமலிருக்கலாம். ஆனால் இதைப் படித்து வரும்போதே, ‘இப்பவும் ஒண்ணும் கெட்டுப்போகலை, கோர்ட்டுக்குப் போனா கோபுரத்தையே பிடுங்கிரலாம்’ என்று உங்கள் நாக்கு நுனியில் ஒன்று வந்து உட்கார்ந்ததே? அதை அவளிடம் சொல்லித்தான் ஆகவேண்டுமென்றால் சுருக்கமாகச் சொல்லுங்கள். கிணற்றடியில் இப்போது நிழல் இல்லை. அவளால் வெகுநேரம் நின்று கேட்க முடியாது.