தோற்றவர் படியேறக் கூடாது

காதுக்குள் இருந்த குரல், கேட்கிறதென்றால் ஒருமுறை இருமச் சொன்னது. பாங் யோங்தல் இருமினார். சரியாகக் கேட்கவில்லை, இன்னும் பலமாக என்றது குரல். பலமாக இருமினார். எதிரே உட்கார்ந்திருந்த மா துசிக் தன் சட்டைப் பையிலிருந்து ஒரு மிட்டாயை எடுத்துப் பலகையின் ஓரத்தில் வைத்தார்.

"இஞ்சி மிட்டாய். போட்டுக்கோங்க. எனக்கும் காலையிலேர்ந்து தொண்டை சரியில்ல."

மறுக்க முடியவில்லை. யோங்தல் வாயில் போட்டுக்கொண்டார். அடுத்த முறை இருமச் சொன்னபோது மிட்டாய் வழுக்கிக்கொண்டு தொண்டைக்குப் போய், கண்ணில் நீர் வந்துவிட்டது. கூடத்தின் சொந்தக்காரி ஹியோன் இதைக் கவனித்து, இஞ்சி டீ போட உள்ளே போனாள்.

பூசான் துறைமுகத்துக்குப் பின்னால், பன்றிக்கறி சூப்புக் கடைக்கு மேல்மாடியில், பதுக் என்னும் பலகையாட்டம் ஆடும் கூடம் அது. ஒருவருக்குக் கறுப்புக் காய், மற்றவருக்கு வெள்ளை. கட்டம் போட்ட பலகையில் யார் அதிக இடத்தை வளைத்துப் போடுகிறாரோ அவருக்கு வெற்றி. இந்த அளவுக்கு யோங்தலுக்கும் தெரியும். இதற்கு மேல் தெரியாது என்பதுதான் சிக்கல்.

மீன் லாரி ஓட்டி ஓய்வு பெற்றவர் அவர். மனைவி போய்ச் சேர்ந்துவிட்டாள். மகன் வேலை கிடைத்து வியட்நாம் போய்விட்டான். வீட்டில் அவரோடு பேசுகிற ஒரே ஜீவன் சோறு வேக வைக்கும் குக்கர்தான். சோறு தயார், கிளறி விடுங்கள் என்று அது பெண் குரலில் சொல்லும்போது, சரிம்மா என்று பதில் சொல்லும் பழக்கம் அவருக்கு வந்திருந்தது. அது பழக்கமாகிவிட்டது என்று உணர்ந்த அன்றுதான் பயந்துபோய் இந்தக் கூடத்துக்கு வந்தார்.

இங்கேயும் கதை அதேதான். அவரோடு ஆட உட்கார்ந்தவர்கள், காப்பி ஆறுவதற்குள் அவரைத் துடைத்துப் போட்டுவிட்டு வேறு பலகைக்கு நகர்ந்துவிடுவார்கள். எதிர் நாற்காலி எப்போதும் காலியாக இருந்ததால், குளிர்காலம் முழுக்க எல்லோரும் அதில் கோட்டுகளைக் குவித்தார்கள். அவருக்கு ஜெயிக்கவேண்டும் என்ற ஆசையெல்லாம் கிடையாது. எதிரே ஒரு மனிதர் சாயங்காலம் வரைக்கும் எழுந்து போகாமல் உட்கார்ந்திருந்தால் போதும்.

பொதுக் குளியலறையின் வெந்நீர்த் தொட்டியில் ஒருநாள் இதைப் புலம்பியபோது, பக்கத்தில் கழுத்துவரை மூழ்கியிருந்த ஒல்லி மனிதர் ஒரு வழி சொன்னார். சொக் வாத்தியார் என்று பெயர். பந்தய ஆட்டங்களில் ஒரு காலத்தில் பேர் வாங்கியவர். சட்டைப் பொத்தானில் ஒரு சின்னக் கேமரா, காதுக்குள் கேட்கவும் பேசவும் ஒரு சின்னக் கருவி. கூடத்துக்குக் கீழே சூப்புக் கடையில் உட்கார்ந்து, எங்கே வைப்பது என்று அவர் சொல்லுவார், இவர் வைக்கவேண்டியதுதான். கூலியாக ஒரு கிண்ணம் சூப்பும் சோறும் போதும் என்றார். இவ்வளவு மலிவான மோசடியா என்று யோங்தலுக்கே சந்தேகமாக இருந்தது.

எதிராளியாகக் கிடைத்தவர் துசிக். முன்னாள் மல்யுத்தக்காரர். கன்னத்தில் நீளமாக ஒரு தழும்பு. மீன் சந்தையில் ரவுடிகளுக்கு மாமூல் வசூலித்தவர் என்று பேச்சு. அவர் கூடத்துக்கு வரத் தொடங்கிச் சில வாரங்கள்தான் ஆகியிருந்தன. பயத்தில் யாரும் அவர் எதிரே உட்காருவதில்லை. ஆக, அந்த ஞாயிற்றுக்கிழமை காலியாக இருந்த இருவரும் ஒருவரையொருவர் பார்த்துத் தலையசைத்தார்கள். பந்தயம், மதியச் சாப்பாடு.

ஆட்டம் தொடங்கிச் சிறிது நேரத்தில் அதிசயம் நடந்தது. யோங்தலின் பலகையைச் சுற்றி ஆட்கள் கூடினார்கள். இந்த ஆளா இப்படி ஆடுறார் என்று ஒருவர் வாயைப் பிளந்தார். துசிக்கும் சளைக்கவில்லை. பிரமாதமான காய்க்குப் பிரமாதமான பதில். இப்படிப்பட்ட ஆட்டத்துக்கு வெறும் சாப்பாடுதான் பந்தயமா என்று பின்னாலிருந்து யாரோ சீண்ட, முதல்முறையாகக் கூட்டத்தின் நடுவில் இருந்த யோங்தலுக்குத் தலைக்கேறிவிட்டது.

"அப்போ இப்படி வெச்சுக்கலாம்ணே. தோத்தவர் இனிமே இந்தப் படி ஏறக் கூடாது."

சொல்லி முடித்த மறுகணமே நாக்கைக் கடித்துக்கொண்டார். துசிக் தலையைச் சாய்த்துக் கொஞ்சம் யோசித்தார். பிறகு சரி என்றார்.

அந்த நேரம் பார்த்து இஞ்சி டீ வந்தது. ஆவி பொத்தான் கேமராவை மூடியது. ஒண்ணும் தெரியல, முன்னால குனி என்றது குரல். குனிந்தார். டீ சட்டையில் கொட்டியது. பதறிய ஹியோன், வேண்டாம் வேண்டாம் என்று அவர் கெஞ்சக் கெஞ்சச் சட்டையைக் கழற்றி வாங்கிக்கொண்டு, தன் புருஷனுடைய பழைய ஸ்வெட்டரை மாட்டிவிட்டாள். சட்டை சமையலறைக் கொடிக்குப் போயிற்று. கேமராவும்தான்.

இனி வாத்தியாருக்குத் தெரியப்போவது அடுப்பும் காயப்போட்ட நெத்திலியும்தான். வேறு வழியில்லாமல் யோங்தல், துசிக் வைத்த காயின் இடத்தை வாய்க்குள் முணுமுணுத்தார். பத்துக்கு நாலு. பதினொண்ணுக்கு ஆறு. சுற்றி நின்றவர்கள் முகம் சுளித்தார்கள். எதிராளிக்குச் சாபம் விடுகிறாரோ என்று ஒருவர் கேட்டேவிட்டார். யோங்தல் மாட்டிக்கொண்ட பதற்றத்தில், செத்துப்போன மனைவியோடு பேசுவதாகவும், ஒவ்வொரு காயையும் அவளுக்குச் சொல்லித்தான் தனக்குப் பழக்கம் என்றும் அளந்துவிட்டார். துசிக் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். யோங்தல் பலகையைப் பார்த்துக் குனிந்துகொண்டார். அவள் இருந்த காலத்தில் ஒருநாளும் அவளிடம் லாரியைத் தவிர எதைப் பற்றியும் பேசியதில்லை.

"நீ எதுவும் சொல்ல வேணாம்" என்றார் வாத்தியார் காதுக்குள். "பலகை எனக்குத் தெரியுது. சும்மா உக்காரு."

எப்படித் தெரியும்? யோங்தல் மலைத்துப்போனார். மகான்கள் இப்படித்தான் இருப்பார்கள் போலும்.

வாத்தியார் ஒவ்வொரு காய்க்கும் நெடுநேரம் எடுத்துக்கொண்டார். துசிக்கும் அப்படியே. வேடிக்கை பார்த்தவர்கள் அலுத்துப்போய்ச் சாப்பிடக் கலைந்தார்கள். சும்மா இருக்க முடியாமல் இருவரும் பேசத் தொடங்கினார்கள். மாமூல் வசூலித்ததெல்லாம் பொய் என்றார் துசிக். சந்தையில் ஐஸ் இயந்திரம் பழுது பார்த்தவராம். தழும்பு, ஐஸில் சறுக்கி விழுந்ததால் வந்ததாம்.

"அப்புறம் ஏண்ணே அந்தப் பேச்சை விட்டுவெச்சீங்க?"

"பயத்துலயாவது என்னைத் திரும்பிப் பாக்குறாங்களே" என்றார் துசிக். "உண்மையைச் சொன்னா அதுவும் போயிடும்."

யோங்தல் தன் குக்கரைப் பற்றிச் சொன்னார். யாரிடமும் சொல்லாத விஷயம். துசிக் சிரிக்கவில்லை. ஒரு வெள்ளைக் காயை விரல்களுக்கு நடுவே உருட்டிக்கொண்டே இருந்தார்.

"குடுத்து வெச்சவர் நீங்க. எங்க வீட்டுக் குக்கர் பழசு. பேசாது."

வெயில் சன்னலைத் தாண்டி எதிர்ச் சுவருக்குப் போயிருந்தது. காலையிலிருந்து ஒரே ஆள் தன் எதிரே உட்கார்ந்திருக்கிறார் என்பது அப்போதுதான் யோங்தலுக்கு உறைத்தது. இன்னும் கொஞ்ச நேரத்தில் ஆட்டம் முடியும். ஒன்று இந்த மனிதர் போகவேண்டும், இல்லை தான் போகவேண்டும். தன் வாயால் தானே வைத்த பந்தயம்.

வயிற்றுவலி என்று சொல்லிக் கழிப்பறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார்.

"வாத்தியாரே, ஜெயிக்க வேணாம்."

"தோக்கணுமா?"

"தோக்கவும் வேணாம்."

அந்தப் பக்கம் மூக்கைச் சிந்தும் சத்தம் கேட்டது.

"சரி" என்றார் வாத்தியார். "எனக்கும் அதுதான் தோதுப்படும்."

கதவைத் திறந்தால் வெளியே துசிக் அவசரமாக நின்றுகொண்டிருந்தார். தனக்கும் வயிறு சரியில்லை என்றார். உள்ளே போனவர் நெடுநேரம் கழித்தே வந்தார்.

அதற்குப் பிறகு ஆட்டம் ஒரு மாதிரிப் போயிற்று. ஒருவர் ஒரு மூலையைப் பிடித்தால் மற்றவர் எதிர் மூலையில் அதே அளவு பிடித்தார். இருவரும் பலகையைப் பார்ப்பதையே மறந்து, ஒருவர் முகத்தை ஒருவர் கலவரத்தோடு பார்த்துக்கொண்டார்கள். கடைசிக் காய் விழுந்ததும் ஹியோன் வந்து இடங்களை எண்ணினாள். நம்பாமல் மறுபடி எண்ணினாள். போட்டிகளில் சமன் வராமல் இருக்க ஒரு பக்கத்துக்கு அரைப் புள்ளி சேர்ப்பார்கள். இந்தக் கூடத்தில் அந்த வழக்கமில்லை.

"சமம்" என்றாள். "கடை திறந்ததுலேர்ந்து இங்க இப்படி நடந்ததில்ல. தோத்தவரே இல்லையே, யாரைப் படியேற வேணாம்னு சொல்றது?"

துசிக் முகத்தைத் துடைத்துக்கொண்டார். அடுத்த ஞாயிறும் வருவீர்களா என்று கேட்டார். யோங்தலால் தலையை ஆட்டத்தான் முடிந்தது. மனசுக்குள் வாத்தியாருக்கு ஒரு கும்பிடு போட்டார். அடுத்த வாரம் அவர் வேண்டாம். தான் எவ்வளவு மட்டமாக ஆடினாலும் இந்த மனிதர் எழுந்து போகமாட்டார் என்று தோன்றியது.

இருவரும் சூப்புச் சாப்பிடக் கீழே இறங்கினார்கள். துசிக் கை கழுவப் போனார். கூலியை ரகசியமாகக் கொடுத்துவிடுவோம் என்று யோங்தல் கல்லாவுக்குப் போய், காலையிலிருந்து இங்கே உட்கார்ந்திருந்த ஒல்லி மனிதரின் கணக்கைத் தன் பேரில் சேர்க்கும்படி கடைக்காரம்மாவிடம் மெல்லிய குரலில் சொன்னார்.

"அதைத் துசிக் அண்ணன் காலையிலேயே குடுத்துட்டாரே" என்றாள் அவள். "பாவம் அந்த மனுஷன், ஒவ்வொரு காதுலயும் ஒரு போனை வெச்சுக்கிட்டு, கடைசி மேசையில நாள் முழுக்கத் தனியா தன்னோடவே பதுக் ஆடிட்டு, 'இப்படி ஒரு நல்ல துணை கிடைச்சு எத்தனை வருஷமாச்சு'ன்னு கண்ணைத் துடைச்சுக்கிட்டு இப்பத்தான் போறாரு."