ஜரிகை வைத்த திரைச்சீலை

அரக்கு நிறப் பட்டுப்புடவை சாப்பாட்டுப் பைக்குள் போகமாட்டேன் என்று அடம்பிடித்தது. பாப்பா முழங்காலை வைத்து அழுத்தினாள். ஜிப் ஒருவழியாக முக்கால்வாசி மூடியது. ஆனால் பை, தலையணையை விழுங்கியது போல உப்பிக்கொண்டு நின்றது.

பாப்பாவுக்கு வயது முப்பத்தொன்று. மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸ் பொருத்தும் வேலை. அப்பா இன்னும் பாப்பா என்றே கூப்பிடுவதால் தெருவுக்கே அவள் பாப்பாதான். இன்று பதினொரு மணிக்குப் பதிவாளர் அலுவலகத்தில் அவளுக்குக் கல்யாணம். அது அப்பாவுக்குத் தெரியாது.

போட்டோவில் கல்யாணப்பெண் மாதிரி இருக்கவேண்டும். வீட்டைவிட்டுக் கிளம்பும்போது அப்படி இருக்கவே கூடாது. இதுதான் சிக்கல். பழைய சுடிதாரில் கிளம்பி, கடையில் கண் பரிசோதனை அறைக்குள் புகுந்து பட்டுக்கு மாறிக்கொள்வதாகத் திட்டம்.

மாப்பிள்ளை பல்செட் செய்கிறவன். தங்கமான பையன். அவனிடம் ஒரே ஒரு குறை. கல்லூரிக் காலத்தில் ஒரே ஒரு தடவை டிக்கெட் இல்லாமல் ரயிலேறினான். அன்றைக்குப் பார்த்து அந்தப் பெட்டிக்கு வந்த பரிசோதகர் பாப்பாவின் அப்பா. பயத்தில் பொய்ப்பெயர் வேறு சொல்லித் தொலைத்தான். அப்பா ஓய்வு பெற்றுவிட்டார். ஆனால் அவரிடம் பிடிபட்ட முகம் எதையும் அவர் மறந்ததில்லை. போன வருஷம் கடைவீதியில் அவனைத் தூரத்தில் பார்த்துவிட்டு, "அதோ போறான் பாரு, டிக்கெட் இல்லாம ஏறினவன். அவனெல்லாம் எங்கயும் அப்படித்தான் ஏறுவான்" என்றார். "அவனைத்தான் கட்டிக்கப்போறேன்" என்று சொல்ல எடுத்த வாயை பாப்பா அப்படியே மூடிக்கொண்டாள்.

விண்ணப்பம் கொடுத்ததும், அறிவிப்பு முப்பது நாள் அலுவலகப் பலகையில் இருக்கும், ஆட்சேபணை உள்ளவர்கள் எழுதிக் கொடுக்கலாம் என்றார்கள். அந்த முப்பது நாளும் அவளுக்குச் சோறு இறங்கவில்லை. நேற்றோடு கெடு முடிந்துவிட்டது. இருந்தாலும் என்ன, அப்பா வந்து நின்று "வேண்டாம்" என்று ஒரு வார்த்தை சொன்னால் அவளுக்குக் கையெழுத்துப் போடக் கை வராது. அம்மா போனபிறகு எல்லாமே அப்பாதான். அவரை இழக்கவும் முடியாது, இவனை விடவும் முடியாது.

"பாப்பா, காபி."

அப்பா டம்ளரோடு வந்து நின்றார். பார்வை நேராகப் பைக்குப் போனது.

"சாப்பாடா அது?"

"ஆமாப்பா. இப்பல்லாம் ரொம்பப் பசிக்குது."

"பசிக்கட்டும், நல்லதுதான்" என்று டம்ளரை நீட்டினார். எப்படித்தான் நேர்ந்ததோ, பாதிக் காபி பாப்பாவின் சுடிதாரில் கொட்டியது.

"அடடா. வயசாச்சு பாரு, கை நடுங்குது."

"பரவால்லப்பா. வேற மாத்திக்கறேன்."

உள்ளே போய்ப் பீரோவைத் திறந்தாள். வெறும் ஹேங்கர்கள் ஆடிக்கொண்டிருந்தன.

"அப்பா, என் துணியெல்லாம் எங்க?"

"லாண்டரிக்குப் போட்டேன். நீ குளிச்சிட்டிருந்தப்ப ஆள் வந்தான்."

"எதையெல்லாம் போட்டீங்க?"

"அதுல என்ன பாரபட்சம்? எல்லாத்தையும்தான்."

தன் பனியனைக்கூடத் தானாக எடுத்து நனைக்காத மனிதருக்கு இன்றைக்குத்தானா இந்தப் பொறுப்பு வரவேண்டும் என்று பாப்பாவுக்கு அழுகை முட்டியது. மணி ஒன்பதே முக்கால்.

அப்பா பையைச் சுட்டிக்காட்டினார். "அதுல ஏதோ துணி எட்டிப் பாக்குதே."

ஜிப் மூடாத ஓரத்தில் ஜரிகை பளபளத்தது.

"அது... கடைத் திரைச்சீலைப்பா. கண்ணு டெஸ்ட் பண்ற ரூமுக்கு. தைக்கக் குடுத்து வாங்கிட்டு வந்தேன்."

"சாப்பாடுன்னு சொன்னே?"

"சாப்பாடு அதுக்கு அடியில இருக்கு."

அப்பா குனிந்து ஜரிகையை விரலால் தடவினார். "திரைச்சீலைக்கு ஜரிகையா?"

"எங்க முதலாளிக்கு எல்லாமே கொஞ்சம் ஆடம்பரமா இருக்கணும்."

"நல்ல ரசனைதான். சரி, வேற துணியும் இல்ல. இன்னிக்கு ஒரு நாள் இந்தத் திரைச்சீலையவே சுத்திட்டுப் போ. கடைக்குப் போய் மாட்டிடு."

"மாட்டிட்டா நான் எதைக் கட்டிக்கறது?"

"அதைக் கடைக்குப் போய் யோசிச்சுக்கலாம்."

மறுத்தால் சந்தேகம் வரும். பாப்பா கதவைச் சாத்திக்கொண்டு பட்டைக் கட்டினாள். வெளியே வந்தபோது, திரைச்சீலைக்குப் பொருத்தமான ரவிக்கை எங்கிருந்து வந்தது என்று அப்பா கேட்கவில்லை. பெரிய கண்டம் தப்பியது என்று நினைத்தாள்.

"கழுத்து வெறிச்சுனு இருக்கே. அம்மா சங்கிலியைப் போட்டுக்கோ."

"திரைச்சீலைக்குச் சங்கிலி எதுக்குப்பா?"

"முதலாளிக்கு ஆடம்பரம் பிடிக்கும்னியே."

அவரே பீரோ லாக்கரைத் திறந்து சங்கிலியை எடுத்து வந்து அவள் கழுத்தில் போட்டுக் கொக்கியை மாட்டினார். சற்றுமுன் நடுங்கிய கை இப்போது நடுங்கவில்லை. பாப்பா அதைக் கவனிக்கும் நிலையில் இல்லை. மணி பத்து இருபது.

"நானும் கடைக்கு வரேன். எழுத்தெல்லாம் மங்கலாத் தெரியுது, கண்ணைக் காட்டணும்."

"கண்ணு பாக்கறவர் இன்னிக்கு லீவுப்பா."

"அப்ப எதுக்கு அவசரமாத் திரைச்சீலை?"

"அவர் இருந்தா எப்படி மாட்டறது? லீவுல இருக்கறப்பதான் மாட்ட முடியும்."

அப்பா அதையும் ஒப்புக்கொண்டார். இருபத்தெட்டு வருஷம் ஊரையே கேள்வி கேட்டுக் குடைந்தவர் தன்னிடம் மட்டும் இப்படி ஏமாறுகிறாரே என்று பாப்பாவுக்குப் பாவமாக இருந்தது. இத்தனை பொய்யையும் நம்புகிற அப்பா வாய்த்தவள் உலகத்திலேயே தான் ஒருத்திதான் இருப்பாள் என்று தோன்றியது. போதாக்குறைக்கு வாசலில் டாக்சியை நிறுத்தி ஏற்றிவிட்டு, கண்ணாடிக் கடைக்கு வழியும் சொன்னார். பாப்பா தெருமுனை தாண்டும்வரை பொறுத்திருந்து வண்டியைத் திருப்பச் சொன்னாள்.

பதிவாளர் அலுவலக மாடியில் பல்செட்காரன் காத்திருந்தான். புதுச்சட்டை, மடிப்புக்கூடக் கலையவில்லை. காலரில் குண்டூசி ஒன்று அப்படியே இருந்தது. பாப்பா அதைப் பிடுங்கி எறிந்தாள்.

"இந்தப் புடவையிலயா வீட்லேர்ந்து வந்தே? உங்கப்பா பாக்கலையா?"

"பாத்தார். திரைச்சீலைன்னு சொன்னேன். நம்பிட்டார்."

"நம்பிட்டாரா? என்கிட்ட டிக்கெட் தொலைஞ்சுபோச்சுன்னு சொன்னப்ப நம்பலையே."

அவள் சிரித்தாள். காலையிலிருந்து அப்போதுதான் முதன்முதலாகச் சிரித்தாள். போட்டோக்காரர், "அப்படியே இருங்க" என்று கேமராவைத் தூக்கினார். அந்த நேரத்தில் மாடிப்படியில் ஷூ சத்தம் கேட்டது.

அப்பா. அயர்ன் செய்த கால்சட்டை, வேலைக்காலத்துக் கறுப்புக் கோட்டு. படியேறி வந்த கோட்டைக் கண்டதும் பல்செட்காரனின் கை தானாகச் சட்டைப்பைக்குப் போய் டிக்கெட்டைத் தேடியது.

"ஓடிடலாமா?" என்றான் மெல்ல.

"ஓடக்கூடாது" என்று பாப்பா அவன் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். பயமாகத்தான் இருந்தது. ஆனால் அந்தக் கையைப் பிடித்திருப்பதில் சந்தோஷமாகவும் இருந்தது. இரண்டும் சேர்ந்து அவளுக்கு எங்கிருந்தோ தைரியம் கொடுத்தன.

"அப்பா, நான் சொன்னதெல்லாம் பொய். இது திரைச்சீலை இல்ல. இன்னிக்கு எனக்குக் கல்யாணம். இவர்தான் மாப்பிள்ளை. நீங்க வேண்டாம்னு சொன்னா என்னால கையெழுத்துப் போட முடியாது. ஆனா தயவுசெஞ்சு சொல்லிடாதீங்கப்பா."

அப்பா பல்செட்காரனை மேலும் கீழும் பார்த்தார். கோட்டுப் பொத்தானை ஒருமுறை திருகினார். ஏதோ சொல்ல வாயெடுத்தார். பாப்பா கண்ணை மூடிக்கொண்டாள்.

ஒரு கட்டுக் காகிதத்தோடு அந்தப் பக்கம் வந்த அலுவலக உதவியாளர் அப்பாவைப் பார்த்ததும் நின்று, நெடுநாள் பழகியவர் போலக் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்:

"வாங்க சார், முப்பது நாளா தினமும் காலையில வந்து, இந்தக் கல்யாணத்துக்கு எவனாவது ஆட்சேபணை குடுத்திருக்கானான்னு கேட்டுக் கேட்டு எங்க உயிரை வாங்கினீங்களே, ஒருத்தனும் குடுக்கல, இப்பவாவது நிம்மதியா உள்ள வந்து உக்காருங்க."