ஆறுமணியார் வளவுச் சருகு

அடுத்தவர் வீட்டுச் சாப்பாட்டு மேசையைக் கூட்டி அள்ளி, குவித்து, நெருப்பும் வைத்துவிட்டு, அதற்கு நன்றி வேறு எதிர்பார்த்து நின்ற மடையன் மட்டக்களப்பு மாவட்டத்திலேயே ஒருவன்தான். அவன் எழுதுவதைத்தான் நீங்கள் இப்போது படித்துக்கொண்டிருக்கிறீர்கள்.

மேசைக்குச் சொந்தக்காரர் ஆறுமணியார். பெரியகல்லாற்றில் நாங்கள் முன்பு குடியிருந்த ஒழுங்கையில் ஆட்டோ ஓட்டியவர். ஒரு குருவிக்காகத் தொழில், தூக்கம், சொந்தபந்தம் மூன்றையும் ஒத்திவைத்த ஒரே மனிதர் இந்த உலகத்தில் அவர்தான்.

அந்தக் குருவிக்கும் ஆறுமணிக்குருவி என்றுதான் பெயர். விடியலில் ஒருதரம், பொழுதுபட ஒருதரம் விசிலடிக்கும். ஐப்பசி மழையோடு இந்தியாவிலிருந்து கடல் தாண்டி வந்து, சித்திரையில் திரும்பிவிடும். முதுகு பச்சை, செட்டையில் நீலம், கண்ணுக்கு மை, வாலடியில் குங்குமச் சிவப்பு. வால் மட்டும் துணி போதாமல் போனதுபோல் கட்டை. இத்தனை நிறத்தையும் உடுத்திக்கொண்டு கொப்பில் ஏறிப் பவுசு காட்டுவதுமில்லை. நிலத்தில் தத்தித் தத்திச் சருகு புரட்டிப் புழு தின்னும்.

"வாலெங்க எண்டு கேளுங்கவன்," என்பார் ஆறுமணியார். நாம் கேட்காவிட்டாலும் சொல்லுவார். "சிங்கள ஆக்களிட்டக் கேட்ட கதை. முந்தி இதுக்கிட்டத்தான் வடிவான உடுப்பெல்லாம் இருந்ததாம். மயில் இரவல் வாங்கிப் போனது, மறுகா திருப்பிக் குடுக்கல்ல. அதுதான் பின்னேரமெல்லாம் கூப்பிட்டுக் கேக்குது."

என் ஏணியை இரவல் வாங்கிப்போனவரும் அவரேதான். நானும் பின்னேரமெல்லாம் கேட்டுப் பார்த்தேன்.

ஒருநாள் என் மனைவியைக் களுதாவளைப் பிள்ளையார் கோயிலுக்கு ஏற்றிப் போனார். பாதி வழியில், ஒரு மரத்தடியில் ஆட்டோ நின்றது. எஞ்சினையும் நிறுத்திவிட்டு ஒரு விரலை உயர்த்தினார். மரத்துப் பக்கமிருந்து விசில் கேட்டது.

"தம்பி, பூசை முடிஞ்சிரும்!" என்று மனைவி அர்ச்சனைத் தட்டோடு துடித்தாள்.

"பிள்ளையார் எங்கயும் போகமாட்டார் அக்கா. இது சித்திரையில போயிரும்."

அன்றிலிருந்து அவள் பஸ்ஸில்தான் கோயிலுக்குப் போனாள். நான் மட்டும் அவருடைய வளவு வேலியோரம் போய் நிற்கப் பழகினேன். ஓய்வுபெற்ற பிறகு எனக்குப் பொழுது விடிவதும் படுவதும் ஒன்றாகிவிட்டிருந்தது. கதிரையில் குந்தியிருந்து மின்விசிறியைப் பார்ப்பதே உத்தியோகம். என்னை எழுப்பி வெளியே நிறுத்தியவர் ஆறுமணியார். அந்த விசில் கேட்டால்தான் ஒரு நாள் முடிந்தது என்றொரு நிறைவு வந்தது. அவருக்கு ஒரு கைம்மாறு செய்யாமல் விடுவதா?

அங்கேதான் கோளாறு. டெங்குக் காய்ச்சல் பரவியதால் எங்கள் ஒழுங்கையில் எல்லோரும் கூடித் துப்புரவு செய்யும் சிரமதானம். வேலைவெட்டி இல்லாதவன் என்பதால் தலைவர் பதவி என் தலையில். ஆறுமணியார் வளவில் கணுக்கால் புதையச் சருகு கிடந்தது. அவர் வாழைச்சேனைக்கு ஆளேற்றிக்கொண்டு ஹயர் போயிருந்தார். குருவிக் கதை நூறுதரம் கேட்டும், அதற்கும் இந்தச் சருகுக்கும் உள்ள சம்பந்தம் மட்டும் என் மண்டையில் ஏறவேயில்லை. பலாமரத்தடி வரை பளிச்சென்று கூட்டி எரித்துவிட்டு, விளக்குமாறும் கையுமாக வாசலில் நின்றேன்.

அவர் வந்தார். சாம்பலைப் பார்த்தார். ஆட்டோவை விட்டு இறங்கவில்லை.

"வருசா வருசம் இந்தப் பலாவடிக்குத்தான் வாறது," என்றார். "கடல் தாண்டிக் களைச்சு வருமே கா, வந்து என்னத்தத் தின்னும்? உங்கட சாம்பலையா?"

அதன்பிறகு என்னோடு பேச்சில்லை. ஐப்பசிக்கு அதிக நாளும் இல்லை.

மறுநாள் உரப்பைகளைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு வீடு வீடாகப் போனேன். "பிள்ளை, கூட்டின குப்பை இருக்கா?" நேற்று நான் மேற்பார்வை செய்து சுத்தம் பண்ணிய அதே வளவுகள்!

"தலைவர், நேத்து எரி எண்டீங்க, இண்டைக்குத் தா எண்டுறீங்க. வெயிலுக்க திரியாதீங்க," என்றாள் ஒரு பெண்.

"என்ட மனுசன் குப்பை எடுக்கிறார் எண்டு ஊரெல்லாம் கதை," என்று மனைவி தலையிலடித்துக்கொண்டாள். ஆனாலும் எங்கள் மாமரத்துச் சருகைக் கூட்டிப் பையில் கட்டி வைத்தவளும் அவள்தான்.

பை பையாகக் கொண்டுபோய்ப் பலாவடியில் கொட்டினேன். ஆறுமணியார் படலையைத் திறந்துவிடுவார். வாய் திறக்கமாட்டார். மழை பெய்தது, சருகு ஊறியது, குருவி வரவில்லை. அவர் ஹயருக்கும் போகாமல் படியில் குந்தியிருந்தார்.

ஒரு பின்னேரம் பையைக் கவிழ்த்துக்கொண்டிருந்தேன். பலாமரத்துக்குப் பின்னாலிருந்து விசில் கேட்டது. பை கையிலேயே நின்றுவிட்டது. ஆறுமணியார் மெல்ல வந்து என் பக்கத்தில் நின்றார். பச்சையும் நீலமுமாக அது தத்தி வந்து, எங்கள் வீட்டு மாஞ்சருகு ஒன்றைப் புரட்டி, ஒரு புழுவை இழுத்தது.

எனக்குக் கண் கலங்கிவிட்டது. மூக்கை உறிஞ்சிக்கொண்டு அவர் காதருகில் கேட்டேன்: "தம்பி, கோவம் ஆறிட்டா?"

அவர் குருவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"நாளைக்கும் ஒரு பை கொண்டு வாங்க."