காய்க்காத மரம் தேடிய ரோமர்

திருகோணமலைத் துறைமுகத்தில் துரோகக் குற்றம் செய்யாத ஒரே மனிதர் ரோமர். தீர்ப்புச் சொல்பவரும் அவரே என்பதால் அதில் அதிசயம் இல்லை.

அவருடைய சொந்தப் பெயர் யாருக்கும் தெரியாது. கப்பலில் அரிசி மூட்டை இறக்கும் நாங்கள் பன்னிரண்டு பேர் ஒரு தகரக் கொட்டகையில் கிடந்தோம். அதில் அவரும் ஒருவர். பாதிரிமார் பள்ளியில் படித்த ரோமாபுரிச் சரித்திரத்தில் துரோகச் சட்டம் மட்டும் அவர் தலையில் தங்கிவிட்டது.

"அங்க ராசா இல்லை. சனந்தான் ராசா. சனத்தின்ர மதிப்பைக் குறைக்கிறவன் துரோகி" என்பார்.

இருந்த ஒரே கதிரையில் கால்மேல் கால் போட்டவன், ராசாவாக முயன்ற துரோகி. பந்தாட்டத்தில் தோற்றவன், படையைத் தொலைத்த துரோகி. பருப்பைக் கருக்கியே நான் மூன்று முறை துரோகியானேன்.

ஒருமுறை வேலைநிறுத்தம் வந்தது. பட்டினி, அது பழகியதுதான். இரண்டாம் நாள் செல்லையா ஒளித்துப் போய் மூட்டை சுமந்துவிட்டு வந்தான். அந்தோனி இரும்புக் கம்பியோடு எழும்பினான்.

"உன்ர கால் ரெண்டையும் முறிக்கிறன்!"

"பிள்ளைக்குக் காய்ச்சல், அண்ணை. மருந்துக்காகத்தான் போனனான்" என்று செல்லையா அழுதான்.

ரோமர் குறுக்கே வந்தார். "இவன் துரோகிதான். ஆனா கால் முறிக்கச் சட்டத்தில இடமில்லை. முகத்தை மூடி, காய்க்காத மரத்தில தூக்கில போட வேணும்."

அந்தோனிக்கே வியர்த்தது. ஆனால் இத்தனை பேருக்கு முன்னால் பின்வாங்க ஏலாது. செல்லையாவின் தலையில் சாக்கைக் கவிழ்த்து, மரம் தேடிப் புறப்பட்டோம்.

முருங்கை? காய்க்குது. வேம்பு? பழுக்குது. புளியைக் காட்டியவனிடம், "உனக்குக் கண் தெரியாதோ?" என்றார் ரோமர். கொளுத்தும் வெயிலில் உப்புவெளி வரை நடந்தோம். அங்கே அந்தோனி கத்தினான்: "ஆண்பனை! இது காய்க்காது!"

சாக்குக்குள் செல்லையாவுக்கு மூச்சு நின்றது. வெளியே எங்களுக்கும்தான். ரோமர் மரத்தை ஒருமுறை சுற்றி வந்து அண்ணாந்து பார்த்தார். உச்சியில் ஒரு மண்முட்டி கட்டியிருந்தது.

"கள்ளுத் தாற மரத்தை மலடு எண்டு சொல்லுறியோ, அந்தோனி? இதைவிடத் துரோகம் இருக்கோ?"

முதலில் சிரித்தவன் அந்தோனிதான். மரம் சீவுகிறவரைக் கூப்பிட்டு முட்டியை இறக்குவித்தோம். "சனத்திட்ட முறையிடவும் சட்டத்தில இடமிருக்கு" என்றார் ரோமர். கள்ளு இரண்டாவது சுற்று வருமுன் சனம் செல்லையாவை விடுவித்துவிட்டது. அந்தோனி கம்பியை வேலிக்கு அப்பால் எறிந்துவிட்டு, பிள்ளைக்கு இப்போது எப்படி என்று கேட்டான்.

திரும்பும்போது ரோமருக்குக் கால் நிலத்தில் நிற்கவில்லை. செல்லையாவின் தோளில் தொங்கிக்கொண்டு, "துரோகி, மெதுவாப் போடா" என்றார்.

பிறகு நான் திரிந்த ஊர்களில் அந்தச் சொல்லை நிறையக் கேட்டேன். அப்படி ஒரு குரலில் யாரும் சொல்லவில்லை.