கல்யாணி சாக வேண்டிய வியாழக்கிழமை

கதவைச் சாத்தினால் வியர்த்துக் கொட்டியது. திறந்து வைத்தால் கதை வெளியே போனது. பாளையங்கோட்டை மார்க்கெட் பக்கத்து எஸ்.டி.டி. பூத்துக்குள் ரிசீவரைப் பிடித்தபடி சண்முகசுந்தரி தவித்துக்கொண்டிருந்தாள்.

பதினெட்டு வருஷம் மேடையில் கதாநாயகி. நாடகக் கம்பெனி கலைந்த பிறகு டெலிவிஷன் தொடருக்குக் கதை எழுதுகிறவள். கூரியரில் அனுப்பிய கதை இரண்டு முறை வழியிலேயே தொலைந்துபோனதால், மெட்ராஸ் ஆபீசில் ஓர் ஏற்பாடு செய்திருந்தார்கள். வியாழன் பகல் பன்னிரண்டு மணிக்கு அங்கே போனில் டேப்ரிக்கார்டரைப் பொருத்தி வைத்துவிடுவார்கள். யாரும் பேச மாட்டார்கள். பூத்துக்காரர் மாடக்கண்ணு நம்பரைப் போட்டுக் கொடுப்பார். இவள் பாட்டுக்கு வசனத்தைச் சொல்லி முடித்துவிட்டு வைத்துவிட வேண்டியதுதான்.

சொன்னது படமாகி டி.வி.யில் வர இரண்டு மாதம் ஆகும். அதற்குள் கதை வெளியே தெரிந்தால் வேலை கிடையாது என்று ஆபீசில் கறாராகச் சொல்லியிருந்தார்கள். இதுவும் போனால் தன்னை யார் என்று சொல்லிக்கொள்வது? சுந்தரிக்கு அதுதான் பயம்.

ஆனால் வசனத்தை வெறுமனே வாசிக்க அவளுக்கு வராது. கண்ணை மூட வேண்டும். மூடியதும் கண்ணாடிக் கூண்டு கரைந்துபோகும். எங்கிருந்தோ ஆற்றுக் காற்று வரும், ஆர்மோனியம் வரும், இருபத்திரண்டு வயதுக் குரல் தொண்டையில் வந்து உட்கார்ந்துகொள்ளும். தொடரில் வரும் மாமியாராக அதட்டுவாள், மருமகள் கல்யாணியாக அழுவாள். கண்ணைத் திறந்தால் வெளியே ஏழெட்டுப் பேர் காய்கறிப் பையோடு நின்றிருப்பார்கள்.

குரலைத் தாழ்த்திப் பார்த்தாள். கூட்டம் கண்ணாடியில் காதை வைத்தது. கண்ணாடி முழுக்கச் செய்தித்தாளை ஒட்டினாள். ரிட்டயர்டு டீச்சர் சாரம்மாள் அதை வாசிக்கிற சாக்கில் அங்கேயே நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார்.

அந்த நேரம் பார்த்து ஆபீசிலிருந்து கடிதம் வந்தது. ‘நடிக்கிற பெண்ணுக்குக் கல்யாணம். கல்யாணியை ஆற்றில் விட்டு முடித்துவிடவும்.’

அந்த வியாழன் கல்யாணி ஆற்றில் இறங்கியதுதான் தாமதம், பூத்துக் கதவு திறந்தது.

“ஏட்டி சுந்தரி, அந்தப் பிள்ளையைக் கொல்லப் போறியா? உனக்கு மனசே கிடையாதா?” என்றார் சாரம்மாள்.

“டீச்சர், பைய பேசுங்க! மெட்ராஸ்ல தெரிஞ்சா என் பொழப்பு போயிரும்.”

“அப்பம் அவளைக் காப்பாத்து. நாங்க யார்ட்டயும் மூச்சு விட மாட்டோம்.”

வேறு வழியில்லாமல் கல்யாணி ஒரு நாணல் புதரைப் பிடித்துக் கரையேறினாள்.

மூச்சு விடாத லட்சணம் அடுத்த வாரம் தெரிந்தது. கூட்டம் இரண்டு மடங்கு. ஸ்ரீவைகுண்டத்திலிருந்து பஸ் ஏறி இரண்டு பெண்கள் வந்திருந்தார்கள். கல்யாணிக்கு உடம்பு தேறட்டும் என்று ஒரு சீப்பு வாழைப்பழம் வேறு.

மாடக்கண்ணு வெளியே பெஞ்சு போட்டார். “அக்கா, லைன் சரியில்ல. கதவைத் தொறந்து வச்சுச் சத்தமாச் சொல்லுங்க. அப்பதான் டேப்புல ஏறும்.”

“வெளிய கேக்குமே!”

“எல்லாம் நம்ம ஆளுகதானக்கா.”

கல்யாணியைச் சாகவிடாததற்கு ஆபீசிலிருந்து வசவு வரும் என்று சுந்தரி காத்திருந்தாள். ஒரு வார்த்தை வரவில்லை. அதற்கடுத்த வாரமும் வரவில்லை. திட்டியிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். இந்த மௌனத்தில் அவளுக்குச் சோறே இறங்கவில்லை.

மறு வியாழன் மனதைக் கல்லாக்கிக்கொண்டு வந்தாள். இன்று கல்யாணி செத்தே ஆக வேண்டும்.

கண்ணை மூடினாள். தாமிரபரணி பைய வந்து கணுக்காலைத் தொட்டது. இடுப்புக்கு ஏறியது. கையிலிருந்த தாள் எப்போது நழுவியதோ, எழுதாத வசனமெல்லாம் வந்தது. குழந்தையின் பெயரைச் சொல்லி மூன்று முறை கூப்பிட்டுவிட்டுக் கல்யாணி தண்ணீருக்குள் போனாள்.

பெஞ்சில் இருந்தவர்கள் எழுந்து நின்றார்கள். பிறகு கைதட்டல். சாரம்மாள் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வைத்து, அழுதுகொண்டே தட்டினார். சுந்தரிக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. இந்தச் சத்தத்தைக் கேட்டு எத்தனை வருஷம்! அவள் தன்னை மறந்து, மேடையில் செய்வதுபோலவே குனிந்து கும்பிட்டாள்.

கும்பிட்ட கையில் ரிசீவர் இருந்தது.

“ஐயோ மாடக்கண்ணு! கைதட்டுனது பூரா டேப்புல ஏறியிருக்குமே! என் வேலை போச்சு!”

மாடக்கண்ணு ரிசீவரை வாங்கி வைத்துவிட்டுத் தலையைச் சொறிந்தார்.

“ஒண்ணும் ஏறியிருக்காதுக்கா. டி.வி. நாடகத்தை நிப்பாட்டியாச்சு, இனி கதை வேண்டாம்னு மெட்ராஸ்லேருந்து இங்க போன் பண்ணிச் சொல்லி மூணு வாரம் ஆச்சு; வெளிய இத்தன பேரு காத்து நிக்காவளேன்னு, நாந்தான் ஒயரைக் கழத்திப் போட்டுட்டு ரிசீவரை உங்க கையில தந்துக்கிட்டு இருக்கேன்.”