மரத்துக்கு மரம்

"நீங்க ஏன் சார் மரத்துக்கு மரம் நிக்கிறீங்க?"

டாக்டர் கேட்டதும் கம்ப்யூட்டர் வாத்தியாருக்குத் தூக்கிவாரிப் போட்டது. மேஜைத் திரையில் பூங்காவின் வரைபடம். அவர் நடந்த வழியில், மரம் இருக்கும் இடமெல்லாம் சிவப்புப் புள்ளி.

போன மாதம் டாக்டர் கறாராகச் சொல்லியிருந்தார்: "திரையை விட்டு எழுந்து தினம் ஒரு மணி நேரம் மரங்களுக்கு நடுவுல நடங்க. இல்லேன்னா இதயம் கெட்டுடும்." நடையையும் நாடித்துடிப்பையும் எண்ணி, போகும் வழியையும் குறித்து வைக்கும் கடிகாரம் ஒன்றையும் கையில் மாட்டி அனுப்பினார்.

வாத்தியார் இரண்டு நாள் நடந்தார். மூன்றாம் நாள் கொசு கடித்தது. கடிகாரத்தைக் கழற்றி, வாசலில் தொங்கும் நாய்ப்பட்டையில் கட்டிவிட்டார். காலையில் நாயைக் கூட்டிப் போவது மனைவியின் வேலை. அதுமுதல் வாத்தியார் போர்வைக்குள் கிடந்தபடியே தினம் ஆறாயிரம் அடி நடந்தார்.

"மரம்னா எனக்கு உயிர் டாக்டர். நின்னு ரசிப்பேன்."

"அப்படியா! என்னென்ன மரம்?"

"எல்லாம்... பச்சையா இருக்கும்."

பக்கத்தில் மனைவி தரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள்.

"ரசிக்கும்போது நாடி ஏன் நூத்தி அறுபது?"

"நான் சட்டுனு உணர்ச்சிவசப்படுவேன்."

டாக்டர் சிரிக்கவில்லை. "பத்து நாளா இப்படியே இருக்கு. இன்னைக்கே அட்மிட் ஆயிடுங்க. இதயத்துக்குள்ள குழாய் விட்டுப் பார்க்கணும்."

குழாய் என்றதும் வாத்தியார் மானமா உயிரா என்று ஒரு நிமிடம் யோசித்தார். உயிர்தான் ஜெயித்தது.

"அது என் நாடி இல்ல டாக்டர்."

"பின்ன?"

"நாயோடது."

எல்லாவற்றையும் கொட்டிவிட்டார். டாக்டர் சிரித்த சிரிப்பில் நர்ஸ் கதவைத் திறந்து எட்டிப் பார்த்தாள்.

"அதானே! நாய்னா மரத்துக்கு மரம் நிக்கத்தானே செய்யும்!"

காப்பியடித்த பிள்ளைகளை இருபது வருடமாகப் பெஞ்சு மேல் ஏற்றியவர் வாத்தியார். இப்போது அவருக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது. நர்ஸ் முகத்தைக்கூடப் பார்க்க முடியவில்லை. போகட்டும், குழாய் தப்பியது என்று மனைவி பக்கம் திரும்பினார்.

அவள் சிரிக்கவில்லை.

"நாய் கால்ல முள்ளு குத்தி, பத்து நாளா வீட்டுலதாங்க படுத்திருக்கு. டாக்டர் முன்னாடி நீங்க தலைகுனியக் கூடாதேன்னு, அந்தக் கடிகாரத்தை நான்தான் கட்டிக்கிட்டு, மரத்துக்கு மரம் நின்னு மூச்சு வாங்கி நடந்தேன்."